காலிப் பொட்டலம்

மகளின் கல்யாணத்தைப் பிரகாசம் தன் வாயாலேயே கெடுத்துக்கொண்டார் என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். அவரும் அப்படித்தான் நினைத்தார்.

மண்டி மொஹல்லாவில், இரண்டு ஆட்டோ எதிரெதிரே வந்தால் ஒன்று பின்வாங்கியே ஆகவேண்டிய ஒரு சந்தில், இன்னும் விறகடுப்பில் ரொட்டி சுடும் பேக்கரி ஒன்று இருக்கிறது. அங்கே பிரகாசம்தான் மேஸ்திரி. மைதா பிசைந்து பிசைந்து அவருடைய கைகள் இரண்டும் உருட்டுக்கட்டை மாதிரி ஆகியிருந்தன. வாயும் கைக்குச் சளைத்ததல்ல. மகள் ஷெர்லி டீச்சரானது, ஹூட்டகள்ளி ஃபேக்டரியில் வேலை செய்யும் லெஸ்லிக்கு அவளை நிச்சயம் செய்தது எல்லாம் அங்கே பன் வாங்க வருகிற அத்தனை பேருக்கும் மனப்பாடம். கல்லாவில் உட்காரும் மகேந்திரன், "மேஸ்திரி, காரா பன்னுல காரம் கம்மி, உங்க பேச்சுல பெருமை ஜாஸ்தி" என்பான்.

அந்த வாரம் பெருமைக்குப் புதிதாக ஒரு சங்கதி கிடைத்தது. ஆஸ்பத்திரி ஒன்றில் பிரசவத்துக்கு வந்த பெண்ணுக்கு ரத்தப்போக்கு நிற்கவில்லை. ஓ நெகட்டிவ் ரத்தம் வேண்டும், ஊர் முழுக்கத் தேடுகிறார்கள். அதே குரூப் உள்ள ஷெர்லிக்குப் போன் வந்தது. திருத்திக்கொண்டிருந்த பரீட்சைத் தாளை அப்படியே போட்டுவிட்டு ஸ்கூட்டரில் போனாள். தாயும் பிழைத்தாள், பிள்ளையும் பிழைத்தது. இதைக் கேட்ட பிரகாசத்துக்கு அடுப்படியில் கால் நிற்கவில்லை. சுடச்சுட ஒரு தில்பசந்த் இனிப்பு பன்னைத் தாளில் சுற்றிக்கொண்டு பங்குச் சாமியாரிடமே போய்ச் சொன்னார். சாமியார் தனக்குச் சர்க்கரை இருப்பதைச் சொல்லிக்கொண்டே பாதியைச் சாப்பிட்டார். மீதிப் பாதியைச் சாப்பிடும்போது, "இத கோயில்ல சொல்லணுமே" என்றார்.

கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசிப்பார்கள். இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் திருமணம், தடை ஏதும் அறிந்தவர்கள் தெரிவிக்கலாம் என்று. அன்றைக்கு இரண்டாம் ஓலை. வாசித்து முடித்த சாமியார் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, இந்த மணப்பெண்ணின் ரத்தம் நூற்றில் சிலருக்கே இருக்கிற நெகட்டிவ் ரத்தம், அதைக் கொடுத்து ஒரு தாயைக் காப்பாற்றியிருக்கிறாள் என்று அறிவித்துக் கைதட்டச் சொன்னார். கோயில் அதிர்ந்தது.

பிரகாசம் அந்தச் சத்தத்தைக் கண்ணாலும் பார்க்க ஆசைப்பட்டுத் திரும்பினார். பின்வரிசையில் மாப்பிள்ளையின் அம்மா மெட்டில்டா உட்கார்ந்திருந்தார். சுற்றி எல்லோரும் தட்டிக்கொண்டிருக்க, அவருடைய இரண்டு கைகளும் மடியில் இருந்த ஜெபமாலையை இறுக்கிப் பிடித்திருந்தன.

பூசை முடிந்ததும் வாசலில் நின்று, "நாளைக்குச் சாயந்திரம் வீட்டுக்கு வரேன், சம்மந்தி" என்றார் மெட்டில்டா. சிரிக்கவில்லை.

மெட்டில்டா சாதாரண ஆள் இல்லை. புருஷன் கிளைவ் ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்த்தபோதே இறந்துபோக, பள்ளிக்கூட ஆபீஸில் வேலை செய்து மகனைத் தனியாக வளர்த்தவர். பேச்சில் சத்தம் இருக்காது, முடிவில் மாற்றம் இருக்காது. மறுநாள் அவர் வந்தபோது பிரகாசத்தின் மனைவி ரெபேக்கா ஆஸ்பத்திரியில் காலை டியூட்டி முடிந்து வந்து, நர்ஸ் யூனிஃபார்மைத் துவைத்துப் போட்டுக்கொண்டிருந்தாள். பகலெல்லாம் அடித்த பிப்ரவரி வெயில் சுவரில் இன்னும் சூடாக இருந்தது. காபியும் வெண்ணெய் போட்ட பென்னே பிஸ்கட்டும் வைத்தார்கள். மெட்டில்டா இரண்டையும் தொடவில்லை.

"எங்க பெரியக்காவ எங்க ஊரு மார்டள்ளியிலயே கட்டிக்கொடுத்தாங்க" என்று ஆரம்பித்தார். "மொதக் கொழந்தை நல்லாப் பொறந்துச்சு. ரெண்டாவது மஞ்சளாப் பொறந்து போயிடுச்சு. அதுக்கப்புறம் தங்கவே இல்ல. கொள்ளேகால் ஆஸ்பத்திரியில புருஷன் பொஞ்சாதிக்கு ரத்தம் சேரலன்னுட்டாங்க. அந்தக் கொழந்தைய வேட்டித் துணியில சுத்தி, மத்தவங்களுக்குத் தெரியாம மடியில வச்சு பஸ்ல ஊருக்குக் கொண்டுவந்தது நான்தான். எனக்கு அப்பப் பாவாடை சட்டை வயசு. என் பையன் வீட்டுல அது வேண்டாம்."

ரெபேக்கா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அந்தக் காலத்தில் ஊசி இல்லை, இப்போது இருக்கிறது. தாய் நெகட்டிவ், தகப்பன் பாசிட்டிவ் என்றால் ஏழாம் மாசத்தில் ஒன்று, பிரசவமானதும் ஒன்று போட்டுவிட்டால் அடுத்த பிள்ளைக்கு ஆபத்து வராது, எங்கள் வார்டில் போட்டுக்கொண்டேதான் இருக்கிறோம் என்று நிதானமாகச் சொன்னாள். மெட்டில்டா கடைசிவரை கேட்டார். பிறகு ஜெபமாலையை மணிபர்ஸுக்குள் வைத்து மூடினார்.

"ஊசி இருக்கட்டும் சிஸ்டர். உங்களுக்கும் பாசிட்டிவ், அவருக்கும் பாசிட்டிவ்னு ஷெர்லியே லெஸ்லிகிட்ட சொல்லியிருக்கா. பொண்ணுக்கு மட்டும் நெகட்டிவ். இது எங்கேயிருந்து வந்துச்சு?"

பக்கத்து வீட்டுக் குக்கர் விசிலடித்தது. பிரகாசத்துக்குக் காது சூடேறியது. எழுந்திருக்கப் போனவரை ரெபேக்கா முழங்காலில் கைவைத்து உட்காரவைத்தாள்.

"எங்க ரெண்டு பேர்கிட்டயும் மறைஞ்சு இருந்திருக்கு அக்கா. பாசிட்டிவ் தாய் தகப்பனுக்கு நெகட்டிவ் பிள்ளை பொறக்கறது உண்டு."

"நீங்க அப்படித்தானே சொல்லணும்."

சங்கடம் அங்கேதான் இருந்தது. அந்தத் தெருவிலேயே இதைத் தெரிந்து சொல்லக்கூடிய ஒரே ஆள் ரெபேக்கா. அவள் சொன்னால் மட்டும் செல்லாது. எது சொன்னாலும் தன் மானத்தைக் காப்பாற்றிக்கொள்ளச் சொல்கிறாள் என்றாகிவிடும். அவளுக்கும் அது புரிந்தது. வாதாடாமல், "லெஸ்லிக்கு என்ன குரூப்?" என்று கேட்டாள்.

"ஓ பாசிட்டிவ். லைசென்ஸ்லயே போட்டிருக்கே."

"டிரைவிங் ஸ்கூல் மூலமா எடுத்த லைசென்ஸா?"

ஆமாம் என்றார் மெட்டில்டா. ரெபேக்காவின் உதட்டோரம் லேசாக அசைந்தது. அந்தப் பக்கத்து டிரைவிங் ஸ்கூல்களில், குரூப் தெரியாது என்று சொல்கிறவர்களுக்கெல்லாம் ஓ பாசிட்டிவ் என்று போட்டுவிடுவது வழக்கம். ரத்தம் எடுக்க யார் போவது? மண்டி மொஹல்லாவில் ஓடுகிற பாதி வண்டிகளை ஓ பாசிட்டிவ்கள்தான் ஓட்டிக்கொண்டிருந்தார்கள்.

"ஒரு தடவ லேப்ல பாத்துடச் சொல்லுங்க அக்கா. ஊசி வேணுமா வேண்டாமான்னு நாங்களும் தெரிஞ்சுக்கணுமில்ல."

அதற்குச் சம்மதித்தார். ஆனால் எழுந்து நின்று, அதுவரை மூன்றாம் ஓலையை நிறுத்திவைக்கும்படி சாமியாரிடம் சொல்லப் போவதாகவும் சொன்னார். பிரகாசம் சுவரில் இருந்த காலண்டரைத் திரும்பிப் பார்த்தார். அடுத்த வாரப் புதன் திருநீற்றுப் புதன். அன்றிலிருந்து தவக்காலம், ஈஸ்டர் முடியும்வரை கோயிலில் கல்யாணம் இல்லை. ஞாயிறு ஓலை, திங்கள் கல்யாணம் என்று பேசியிருந்தார்கள். ஊரறிய இரண்டு ஓலை வாசித்த பெண்ணுக்கு மூன்றாவது நின்றுபோனால், ஏன் நின்றது என்று ஊர் தானாகவே ஒரு பதில் கண்டுபிடிக்கும். அந்தப் பதிலில் ரெபேக்காவின் பெயர் இருக்கும்.

உள்ளே இருந்து எல்லாவற்றையும் கேட்ட ஷெர்லி வெளியே வந்து ஆறிப்போன காபியை எடுத்துக்கொண்டு போனாள். போகும்போது, "டாடி, இனிமே என்னைப் பத்தி யார்கிட்டயும் பெருமையாப் பேசாதீங்க. ப்ளீஸ்" என்றாள். அழுதிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது அவருக்கு.

சாப்பாட்டுக்குப் பிறகு ரெபேக்கா பாத்திரம் தேய்க்க, பிரகாசம் பக்கத்தில் நின்று துடைத்துத் துடைத்து வைத்தார். ஒரே தட்டையே மூன்றாம் முறையாகத் துடைத்தபோது அவள் திரும்பினாள்.

"என்ன, கேட்டுடுங்க."

"நான் சந்தேகப்படல ரெபேக்கா."

"சந்தேகப்படலன்னு சொல்ல ஒரு மனுஷனுக்கு இத்தனை தட்டு தேவைப்படுதா?"

"அய்யோ, அது இல்லம்மா. சத்தியமா அது இல்ல. அந்தம்மா கேட்டப்ப நான் பதில் சொல்லியிருக்கணும். எனக்குச் சொல்லத் தெரியல. நீ தனியாச் சொன்ன. அதுதான்."

ரெபேக்கா கையைக் கழுவிக்கொண்டு வந்து சொல்லிக்கொடுத்தாள். ஏ, பி, ஓ என்கிற எழுத்து ஒரு கணக்கு, பாசிட்டிவ், நெகட்டிவ் என்கிற குறி வேறு கணக்கு. இரண்டுமே தாயிடமிருந்து பாதி, தகப்பனிடமிருந்து பாதி. வெளியே தெரிவது ஒன்று, உள்ளே ஒளிந்திருப்பது ஒன்று. பிரகாசம் தலையைத் தலையை ஆட்டினார். எழுத்துவரைக்கும் ஒருமாதிரி புரிந்தது. ஒளிந்திருக்கிற விஷயம் பிடிபடவில்லை. பிடிபடாமலே படுத்தார்.

பிடிபட்டது பேக்கரியில், மறுநாள் அவர் செய்த ஒரு தப்பினால்.

விடிகாலைப் பனி இன்னும் விலகாத நேரம். அடுப்பில் சவுக்குக் கட்டை எரிந்து தணலாகிக்கொண்டிருந்தது. மாவு பிசைந்து, ஈரத்துணி போட்டு மூடி, எண்ணமெல்லாம் மெட்டில்டாமீது வைத்துக்கொண்டு பிரகாசம் பீடி பிடித்தார். திரும்பிவந்து துணியைத் தூக்கினால் ஒரு தொட்டி மாவு உப்பித் ததும்புகிறது. இன்னொன்று வைத்தது வைத்தபடி கல் மாதிரி கிடக்கிறது. அதில் ஈஸ்ட் போட மறந்திருந்தார். இத்தனை வருஷத்தில் இப்படி நடந்ததில்லை. மகேந்திரன் எட்டிப் பார்த்து, "ஏன் மேஸ்திரி, இன்னைக்கு இது நெகட்டிவ் பன்னா?" என்றான்.

வேறொரு நாளாக இருந்தால் பிரகாசம் மாவுக் கையாலேயே அறைந்திருப்பார். அன்றைக்கு அவர் அப்படியே நின்றுவிட்டார். ஒரு பொட்டலம் ஈஸ்ட் போட்டாலும் மாவு உப்பும். இரண்டு போட்டாலும் உப்பும். உப்பின மாவைப் பார்த்து இதில் ஒன்றா இரண்டா என்று அவராலேயே சொல்ல முடியாது. அவர் மெதுவாக மாவுத் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்தார். உதடு தானாக அசைந்தது. விறகு எரிந்து அடங்கும்வரை அவர் எழுந்திருக்கவில்லை.

வியாழக்கிழமை மத்தியானம் லெஸ்லி பேக்கரிக்கே வந்தான். ஃபேக்டரி சட்டையோடு வந்திருந்தான். சந்தில் வண்டியை நிறுத்தக்கூட இடம் பார்க்காமல் குறுக்கே விட்டுவிட்டு, அனலடிக்கிற அடுப்படிக்கு நேராக வந்து நின்றான். பிரகாசம் நீளப் பலகையால் ரஸ்க் தட்டை வெளியே இழுத்துக்கொண்டிருந்தார்.

"ரிசல்ட் வந்துடுச்சு அங்கிள். பி நெகட்டிவ்."

பலகை அப்படியே நின்றது. "நெகட்டிவா?"

"நம்பாம ரெண்டு லேப்ல பாத்தேன்."

"அப்ப ரெண்டு பேருக்கும் நெகட்டிவ். ஊசியே வேண்டாமேப்பா. ரெபேக்கா சொல்லியிருக்கா, ரெண்டு பேரும் நெகட்டிவ்னா பிள்ளையும் நெகட்டிவ்தான், பயமே இல்லன்னு." பிரகாசத்தின் முகம் மலர்ந்தது. லெஸ்லியின் முகம் மலரவில்லை.

"மம்மி ஓ பாசிட்டிவ். ஆபரேஷன் பண்ணினப்பப் பாத்தது. டாடி பி பாசிட்டிவ். ஒர்க்‌ஷாப்ல யாருக்கு ரத்தம் வேணும்னாலும் டாடிதான் முதல்ல போவாராம், எல்லாருக்கும் தெரியும்." அவன் சுற்றிப் பார்த்துக் குரலைத் தணித்தான். "மம்மி உங்க வீட்டுல வந்து என்ன கேட்டாங்கன்னு ஷெர்லி சொன்னா. இப்ப அதே கேள்விய மம்மிகிட்ட யார் கேக்கறது? நான் வீட்டுக்கே போகல. போனா என் மூஞ்சியப் பாத்தே கண்டுபிடிச்சிடுவாங்க."

பிரகாசத்துக்குள் ஒரு குட்டிச் சாத்தான் எழுந்து நின்றான் என்பதை மறைப்பதற்கில்லை. திங்கட்கிழமை சாயந்திரம் தன் வீட்டுக் கூடத்தில் விழுந்த கேள்வியை அப்படியே பொட்டலம் கட்டி அந்த அம்மாவிடம் திருப்பிக் கொடுத்தால் எப்படி இருக்கும்? நினைத்த அந்த நொடி இனிக்கத்தான் செய்தது. அதற்குள் எதிரே நிற்கிற பையனின் முகத்தைப் பார்த்துவிட்டார். இறந்துபோன தகப்பனைப் பற்றித் தாயிடம் கேட்க முடியாத ஒன்றை மனசில் வைத்துக்கொண்டு நிற்கிறான்.

"உக்காருப்பா" என்று மாவு மூட்டையைக் காட்டினார். அலமாரியிலிருந்து நான்கு பொட்டலம் எடுத்தார். இரண்டில் ஈஸ்ட் இருந்தது. இரண்டு காலி.

"இது உங்கப்பா, இது உங்கம்மா. ஒவ்வொருத்தர் கையிலயும் ரெண்டு பொட்டலம். ஒண்ணுல ஈஸ்ட் இருக்கு, ஒண்ணு காலி. ஈஸ்ட் ஒண்ணு இருந்தாலே மாவு உப்பிடும், இல்லையா? அதான் ரெண்டு பேரும் பாசிட்டிவ். காலி உள்ள இருக்கறது அவங்களுக்கே தெரியாது. பிள்ளை பொறக்கறப்ப ஆளுக்கு ஒண்ணு குடுக்கணும். கண்ண மூடிக்கிட்டுத்தான் குடுப்பாங்க. உனக்கு ரெண்டு பேரும் காலியக் குடுத்துட்டாங்க. அவ்வளவுதான். எங்க ஷெர்லிக்கு நாங்களும் அப்படித்தான் குடுத்தோம்."

லெஸ்லி அந்தப் பொட்டலங்களை மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தான். ஈஸ்ட் ஈஸ்ட், ஈஸ்ட் காலி, காலி ஈஸ்ட், காலி காலி. "நாலுல ஒண்ணு" என்றான். பிறகு, "டாடி குடுத்ததுதானே இது?" என்று ஒரு காலிப் பொட்டலத்தை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். வந்தபிறகு அப்போதுதான் முதல்முறையாகச் சிரித்தான். மகேந்திரன் அவனுக்கு ஒரு சூடான பன்னை நீட்டி, வண்டியை எடுக்கும்படி சந்து முழுக்க ஹாரன் அடிப்பதையும் தெரிவித்தான்.

அன்று சாயந்திரம் பிரகாசமும் ரெபேக்காவும் பன்னிமண்டபம் பகுதியில் இருந்த மெட்டில்டாவின் வீட்டுக்குப் போனார்கள். ஆட்டோவில் ஏறுமுன்பே ரெபேக்கா ஒரு கண்டிஷன் போட்டிருந்தாள். அவர் அங்கே வாயைத் திறக்கக் கூடாது. தண்ணீர் கொடுத்தால் குடிப்பதற்கு மட்டும் திறக்கலாம்.

லெஸ்லி முன்பே வந்து சொல்லியிருந்தான். பொட்டலக் கதையும் சொல்லியிருந்தான் போல. மெட்டில்டா விளக்குப் போடாமல் உட்கார்ந்திருந்தார். எதிர்ச்சுவரில் கிளைவின் படம். அதைப் பார்க்காமல் இருப்பதற்காகவே நாற்காலியைத் திருப்பிப் போட்டிருந்தார் என்று பிரகாசத்துக்குத் தோன்றியது.

"கேக்க வந்தீங்களா?" என்றார்.

"இல்ல அக்கா. எங்க வீட்டுல யாரும் அத கேக்க மாட்டோம். கேக்க அதுல ஒண்ணுமே இல்ல" என்றாள் ரெபேக்கா. விளக்கைப் போட்டுவிட்டு, நாற்காலியைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டாள். "ஒண்ணு சொல்லத்தான் வந்தேன். உங்க பெரியக்காவப் பத்தி."

மெட்டில்டா நிமிர்ந்தார்.

முதல் பிள்ளை பிழைத்து அடுத்தடுத்ததெல்லாம் மஞ்சளாகிப் போயிருந்தால், அந்த அக்காவுக்கு நெகட்டிவ் ரத்தமாகத்தான் இருந்திருக்கும் என்று ரெபேக்கா விளக்கினாள். அப்படியானால் அவர்களுடைய தாய் தகப்பன் இருவரிடமுமே காலிப் பொட்டலம் இருந்திருக்கிறது. அக்காவுக்கு இரண்டும் காலியாக வந்தது. தங்கைக்கு ஒன்று வந்தது. அந்த ஒன்றுதான் லெஸ்லியிடம் போய்ச் சேர்ந்திருக்கிறது. "அன்னைக்கு நீங்க பஸ் கதை சொன்னப்பவே எனக்குத் தோணிச்சு. அதான் லெஸ்லியப் பாக்கச் சொன்னேன்."

மெட்டில்டாவின் குரல் வேறாக இருந்தது.

"எங்கக்கா மாமியார் அவளப் பிள்ளையத் தின்னவன்னு சொல்லும். நாங்க மாமாவோட ரத்தம் கெட்ட ரத்தம்னு சொல்லுவோம். ரெண்டு வீடும் பேச்சே இல்லாமப் போச்சு. யார் மேலயும் தப்பு இல்ல, ஹௌதா, அப்படித்தானே?"

"யார் மேலயும் இல்ல அக்கா. ஒரு ஊசி இல்லாமப் போச்சு. அவ்வளவுதான்."

அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்து அடுப்படிக்குப் போனார். அங்கிருந்தபடியே, "உங்களுக்குச் சர்க்கரை எவ்வளவு ரெபேக்கா?" என்று கேட்டார். அதுவரை சிஸ்டர் என்று கூப்பிட்டவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டதைப் பிரகாசம் கவனித்தார். வாயைத் திறக்கத் தடை இருந்ததால் மனைவியின் விலாவில் இடித்தார். காபி வந்தது. எல்லோரும் குடித்தார்கள். மன்னிப்பு என்கிற வார்த்தை மட்டும் அந்த வீட்டில் வரவில்லை. ஆட்டோவில் திரும்பும்போது பிரகாசம் அதைச் சொல்லிக் குறைப்பட்டுக்கொண்டார். ரெபேக்கா, ஓலை வாசித்தால் போதும், மற்றதெல்லாம் கிடக்கட்டும் என்று கண்ணை மூடிக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை கோயில் நிறைந்திருந்தது. ஓலை நின்றுபோகிறதாம் என்று வாரம் முழுக்கக் காற்றில் ஒரு பேச்சு உலவியிருந்ததால், எப்போதும் பிரசங்கத்துக்குப் பிறகு நழுவுகிறவர்கள்கூட உட்கார்ந்திருந்தார்கள். சாமியார் மூன்றாம் ஓலையை வாசித்தார். தடை ஏதும் அறிந்தவர்கள் தெரிவிக்கலாம் என்று முடித்து, வழக்கத்துக்கு மாறாக ஒரு கணம் நிறுத்தினார்.

பின்வரிசையில் பெஞ்சு கிறீச்சிட்டது. மெட்டில்டா எழுந்து நின்றார்.

பிரகாசத்துக்கு ரத்தமெல்லாம் பாதத்துக்கு இறங்கியது. ஷெர்லி அம்மாவின் கையைப் பிடித்தாள். லெஸ்லி, "மம்மி, பேடா, வேண்டாம்" என்று கன்னடமும் தமிழுமாகக் கெஞ்சியது முன்வரிசைவரை கேட்டது.

"தடை ஒண்ணும் இல்ல சாமி" என்றார் மெட்டில்டா. குரல் எப்போதும்போல் சத்தமில்லாமல்தான் இருந்தது. ஆனால் கோயில் அவ்வளவு அமைதியாக இருந்தது. "போன வாரம் பொண்ணப் பத்திச் சொன்னீங்க. மாப்பிள்ளையப் பத்திச் சொல்லல. என் பையனுக்கும் நெகட்டிவ்தான். நான் பாசிட்டிவ், அவங்கப்பா பாசிட்டிவ், பையன் நெகட்டிவ். அப்படிப் பொறக்கும். அதையும் சேத்துச் சொல்லிடுங்க."

சொல்லிவிட்டு உட்கார்ந்து, ஜெபமாலையை எடுத்துக்கொண்டார். திங்கட்கிழமை ஒரு கூடத்தில் நான்கு சுவருக்குள் கேட்ட கேள்வியை, ஊரே பார்க்கத் தன் தலையில் தானே எடுத்து வைத்துக்கொண்டார். இனி யாராவது ரெபேக்காவைப் பார்த்து எங்கிருந்து வந்தது என்று கேட்க வேண்டுமானால், முதலில் மெட்டில்டாவைக் கேட்டாக வேண்டும். மெட்டில்டாவைக் கேட்க அந்த ஊரில் ஆள் கிடையாது.

சாமியார் கண்ணாடியைக் கழற்றி, மறுபடியும் மாட்டி, என்ன செய்வதென்று தெரியாமல் கைதட்டினார். கோயிலும் தட்டியது. ரெபேக்கா மட்டும் தட்டவில்லை. கைக்குட்டையை முகத்தில் வைத்திருந்தாள். தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று குனிந்து பார்த்தால் சிரித்துக்கொண்டும் இருந்தாள்.

பூசை முடிந்து வாசலில் நெருக்கித்தள்ளிய கூட்டத்தில் மகேந்திரன் பிரகாசத்தைப் பிடித்துக்கொண்டான். "என்ன மேஸ்திரி, சம்மந்தியம்மா ஒரே போடாப் போட்டுட்டாங்களே. சொல்லுங்க, எப்படி நடந்துச்சு இதெல்லாம்?"

பிரகாசம் வாயைத் திறந்தார். எதிரே ஷெர்லி நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் வாயை மூடினார்.

"நாளைக்குக் கல்யாணத்துக்கு வா" என்றார். "எனக்கு விருந்துக்குப் பன் போடற வேல கிடக்கு."

சந்துக்குத் திரும்பி அடுப்பை மூட்டினார். மாவில் ஈஸ்ட்டை இரண்டு தடவை பார்த்துப் பார்த்துப் போட்டார். ஈரத்துணியைப் போர்த்திவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார். கொஞ்ச நேரத்தில் துணி மெல்ல மேலெழும்பத் தொடங்கியது.